ஜென்கின்சன் கையில் இருந்த பதினெட்டு அடிக் காகிதம்

கேள்வி இது: இத்தாலியச் சாலைகளில் நடந்த 1955 மில்லே மிலியா கார்ப் பந்தயத்தின் புகைப்படங்களில் பிரிட்டிஷ் ஓட்டுநர் ஸ்டர்லிங் மாஸுக்குப் பக்கத்தில் தாடியும் மூக்குக்கண்ணாடியுமாக ஒரு குள்ளமான மனிதர் இருக்கிறார். அவர் பத்திரிகையாளர் என்கிறார்கள். பந்தயக் காருக்குள் பத்திரிகையாளருக்கு என்ன வேலை? ஏதோ சுருளைப் பார்த்து வழி சொன்னார் என்பது உண்மையா? அவர் எழுதியதை இன்றும் படிக்கச் சொல்வது எதனால்?

முதலில் ஒரு திருத்தம். அவர் வழி சொல்லவில்லை. சாலை நெடுக ஜனம் நிற்கும், திருப்பங்களில் வைக்கோல் கட்டுகள் அடுக்கியிருக்கும். வழி தப்பிப் போகிற பந்தயம் அல்ல அது. அடுத்த வளைவு எவ்வளவு மோசமானது, எதிரே தெரியும் மேட்டுக்கு அந்தப் பக்கம் சாலை நேராகப் போகிறதா திரும்புகிறதா, காலை எடுக்காமல் மிதிக்கலாமா கூடாதா என்பதையெல்லாம் மாஸின் கண்ணுக்கு எட்டும் முன்பே கைச்சாடையால் சொல்லிக்கொண்டே வந்தார். பத்து மணி நேரத்துக்கும் மேல் அதைச் செய்தார். அவர் பெயர் டெனிஸ் சார்ஜன்ட் ஜென்கின்சன். வாசகர்களுக்கு டி.எஸ்.ஜே., நண்பர்களுக்கு ஜெங்க்ஸ்.

1920 டிசம்பர் 11ல் லண்டனில் பிறந்தவர். ரீஜென்ட் ஸ்ட்ரீட் பாலிடெக்னிக்கில் பொறியியல் படித்தார். இரண்டாம் உலகப் போரின்போது மனசாட்சியின் பேரில் ஆயுதம் ஏந்த மறுத்தார். படைக்குப் போகாமல் ஃபார்ன்பரோவில் இருந்த அரசு விமான ஆய்வு நிலையத்தில் சிவிலியனாக வேலை பார்த்தார். 'மோட்டார் ஸ்போர்ட்' மாத இதழின் ஆசிரியர் பில் பாடியோடு பழக்கம் ஏற்பட்டதும் அந்த நாள்களில்தான். பின்னாளில் அதே இதழுக்கு நாற்பது ஆண்டுகளுக்கு மேல் எழுதினார்.

போர் முடிந்ததும் அவருக்கு ஐரோப்பியப் பந்தயங்களை நேரில் பார்க்க வேண்டும். கையில் காசில்லை, சொந்தப் பந்தயக் கார் வைத்திருக்க வழியில்லை. பைக்கின் பக்கத்தில் மூன்றாவது சக்கரத்தோடு ஒரு தட்டு இணைத்து இரண்டு பேராக ஓட்டும் சைட்கார் பந்தயம் அந்தக் கதவைத் திறந்தது. சைட்காரில் இரண்டாம் ஆள் சும்மா உட்கார்ந்து வரும் சவாரி இல்லை. சைட்கார் இருக்கும் பக்கம் வளைவு வந்தால், உடம்பை வெளியே தரையை உரசுகிற அளவுக்குத் தொங்கவிட வேண்டும். இல்லையென்றால் மூன்றாவது சக்கரம் மேலே எழும்பிவிடும். எதிர்ப்பக்க வளைவில் ஓட்டுநரின் முதுகுப் பக்கமாகத் தாவி, பைக்கின் பின்சக்கரத்தின் மேல் எடையைப் போட வேண்டும். தவறினால் பின்சக்கரம் பிடிப்பை இழந்து வண்டி விலகி ஓடும். ஒரு கணம் முந்தினாலும் பிந்தினாலும் இருவரும் சாலையில் கிடப்பார்கள். இந்த வேலைக்குச் சிறிய உடம்பு, அசையாத நெஞ்சு, ஓட்டுநர் அடுத்து என்ன செய்வார் என்று முன்கூட்டியே உணரும் புத்தி, மூன்றும் வேண்டும். ஓட்டுநர் எரிக் ஆலிவரோடு நார்ட்டன் பைக்கில் சேர்ந்து 1949ல் நடந்த முதல் சைட்கார் உலகச் சாம்பியன் போட்டியை வென்றார். ஆக, மாஸ் காரில் ஏறியவர் வேடிக்கை பார்க்க வந்த எழுத்தாளர் இல்லை, ஒரு உலகச் சாம்பியன்.

பந்தயத்துக்குள்ளிருந்து எழுதியவர்கள் அவருக்கு முன்னும் உண்டு. 'தி ஆட்டோகார்' இதழின் விளையாட்டு ஆசிரியர் எஸ்.சி.எச். டேவிஸ், 1927 லெ மான் 24 மணி நேரப் பந்தயத்தை பென்ட்லியில் மருத்துவர் பெஞ்சஃபீல்டுடன் சேர்ந்து வென்றவர். பிரான்ஸில் 'லோட்டோ' நாளிதழின் சார்ல் ஃபாரூ அதே லெ மான் பந்தயத்தைத் தொடங்கியவர்களில் ஒருவர். எழுதுவது, ஓட்டுவது, நடத்துவது என்ற எல்லைகள் அன்று அவ்வளவு இறுகியிருக்கவில்லை. ஆனால் ஜென்கின்சன் அளவுக்கு முழுமையாக எழுத்துக்காகவே காருக்குள் உட்கார்ந்தவர் வேறு யாரும் இல்லை என்பது என் கருத்து.

இனி அந்தச் சுருள்.

மில்லே மிலியா என்றால் ஆயிரம் மைல். 1927ல் தொடங்கியது. வட இத்தாலியின் ப்ரெஷியாவில் புறப்பட்டு, பாதுவா, ரவென்னா வழியாக ஏட்ரியாடிக் கரைக்கு வந்து, பெஸ்காராவரை கடலோரமாக இறங்கி, மலை ஏறி ரோம் போய், பிறகு சியன்னா, ஃபிளாரன்ஸ், ஃபூட்டா கணவாய், பொலோன்யா, மான்டுவா வழியாகத் திரும்ப ப்ரெஷியா. 1955ல் மொத்தம் 1597 கிலோமீட்டர். எல்லாம் மக்கள் அன்றாடம் போய்வரும் சாதாரணச் சாலை. இத்தாலிய ஓட்டுநர்களுக்கு இதில் பாதி வீட்டுத் தெரு மாதிரி. குறிப்பாக ரோம்காரரான பியரோ தாருஃபிக்கு. வெளியூர்க்காரர் எத்தனை கெட்டிக்காரராக இருந்தாலும், முன்பின் பார்க்காத மேட்டுக்கு முன்னால் காலைத் தூக்கத்தான் செய்வார். ஒரு மேட்டுக்கு இரண்டு நொடி போனாலும் நூற்றுக்கணக்கான மேடுகளில் அது எவ்வளவு ஆகும் என்று கணக்குப் போட்டுப் பாருங்கள்.

தீர்வு எளிது: சாலையை எழுதி வைத்துக்கொள்ள வேண்டும். ஜென்கின்சன் இதைப் பற்றி முதலில் பேசியது மாஸோடு அல்ல, அமெரிக்க ஓட்டுநர் ஜான் ஃபிட்சோடு. ஃபிட்ச் மெர்சிடிஸ் 300 எஸ்.எல். காரில் போவதாக இருந்தது. மாஸுக்கு அதைவிட வேகமான 300 எஸ்.எல்.ஆர். கிடைத்து, அவர் ஜென்கின்சனை அழைத்தபோது, ஒட்டுமொத்தப் பந்தயத்தையும் வெல்லும் வாய்ப்பு அந்தக் காருக்குத்தான் என்று ஃபிட்சே மனமுவந்து விட்டுக்கொடுத்தார். ஃபிட்ச் அந்தப் பந்தயத்தில் ஐந்தாவதாக வந்தார். இதைச் சொல்லாமல் விடுவது நியாயமில்லை. இன்னொன்றும் சொல்ல வேண்டும்: பேஸ் நோட்ஸ் எனப்படும் இந்தச் சாலைக் குறிப்பு முறையைக் கண்டுபிடித்தவரே ஜென்கின்சன் என்று பலரும் எழுதுகிறார்கள். அது சரியில்லை. மெக்சிகோவில் நடந்த 1952 கரேரா பனமெரிக்கானா பந்தயத்தில் ஓட்டுநர் கார்ல் கிளிங்குக்கு ஹான்ஸ் கிளெங்க் ஏற்கெனவே இப்படிக் குறிப்பு தயாரித்துப் படித்தார், அவர்கள் வென்றார்கள். ஜென்கின்சன் அதை எவ்வளவு தூரம் நுட்பமாக்கினார் என்பதுதான் கதை.

பந்தயத்துக்குச் சில மாதங்கள் முன்பிருந்தே இருவரும் முழுப் பாதையையும் மீண்டும் மீண்டும் சுற்றினார்கள். முதலில் பந்தயக் கார், பிறகு 300 எஸ்.எல்., பிறகு 220 சலூன். சாலையை மூடவில்லை; மாட்டு வண்டி, லாரி, சைக்கிள் எல்லாம் நடுவில். ஒருமுறை திரும்பிய ராணுவ லாரியில் மோதினார்கள். கார் நொறுங்கியது, ஆட்கள் தப்பினார்கள். ஒவ்வொரு சுற்றிலும் ஜென்கின்சன் எழுதியவை இவை: மோசமான வளைவுகள், ரயில்வே கேட்டுகள், திடீர்ப் பள்ளங்கள், வழுக்கும் தளம், டிராம் தண்டவாளம், சாலை தெரியாத மேடுகள். வளைவுகளை மூன்று தரமாகப் பிரித்தார்: கொஞ்சம் வாலாட்டுபவை, நம்பக் கூடாதவை, உயிருக்கு ஆபத்தானவை. ஒவ்வொன்றுக்கும் தனிச் சாடை. கண்ணுக்குத் தெரியாத மேடுகளில் எதை முழு வேகத்தில் தாண்டலாம் என்பது தனிப் பட்டியல். நேரத்தை மிச்சம் பிடித்துக் கொடுத்தது பெரும்பாலும் அந்தப் பட்டியல்தான்.

சாலையில் எந்த இடத்தில் இருக்கிறோம் என்று எப்படித் தெரியும்? இத்தாலியச் சாலையோரக் கிலோமீட்டர் கற்கள். ஒவ்வொரு ஆபத்தையும் அதற்கு அருகில் உள்ள கல்லின் எண்ணோடு எழுதினார். கல்லோ வேறு அடையாளமோ தெளிவாக இல்லாத இடத்தில் பாலம், வீடு, பெட்ரோல் பங்க்கு என்று கண்ணில் படுவதைக் குறித்தார்.

முதல் குறிப்புகள் பதினேழு பக்கம் வந்தன. பந்தயக் காரில் பக்கம் புரட்ட முடியாது. திறந்த கார், காற்று கிழித்துக்கொண்டு போய்விடும். அதனால் சுமார் 18 அடி நீளமுள்ள ஒரே துண்டுக் காகிதத்தில் எல்லாவற்றையும் திருத்தமாக எழுதினார். கையில் பிடிக்கிற அளவில் அலுமினியப் பெட்டி. உள்ளே மேலும் கீழும் இரண்டு உருளைகள். முன்பக்கம் பெர்ஸ்பெக்ஸ் என்ற கண்ணாடி போன்ற பிளாஸ்டிக்கில் ஜன்னல். கீழ் உருளையிலிருந்து மேல் உருளைக்குக் காகிதத்தைச் சுற்றச் சுற்ற அடுத்தடுத்த வரிகள் ஜன்னலில் வரும். மழை பெய்தால் மை கரையும் என்று பெட்டியின் இடுக்குகளையெல்லாம் டேப் ஒட்டி அடைத்தார்.

அந்தக் காகிதத்தின் அடர்த்தியைக் கணக்கிட்டால்தான் அவர் வேலை எவ்வளவு கடினம் என்று புரியும். 18 அடி என்றால் ஏறக்குறைய 549 சென்டிமீட்டர். 1597 கிலோமீட்டரை அதில் அடக்கினால் ஒரு சென்டிமீட்டருக்கு மூன்று கிலோமீட்டர். பத்து மணி நேரத்துக்குச் சராசரியாகப் பார்த்தால் நிமிடத்துக்கு 9 மில்லிமீட்டர் காகிதம் நகர வேண்டும். ஏட்ரியாடிக் கரையோர நேர்ச்சாலையில் கார் மணிக்கு 270 கிலோமீட்டருக்கு மேல் ஓடியது. அதாவது நொடிக்கு 75 மீட்டர். கிலோமீட்டர் கல் பதின்மூன்று நொடிக்கு ஒன்றாகத் தாண்டும். சாடை அரை நொடி தாமதித்தால் பிரேக் பிடிக்க வேண்டிய இடத்தில் 38 மீட்டர் கைவிட்டுப் போயிருக்கும். ஆகவே அவர் எப்போதும் குறிப்பில் ஒரு கண், சாலையில் ஒரு கண், கல்லில் ஒரு கண் என்று மாறி மாறிப் பார்க்க வேண்டியிருந்தது.

சாடை எதற்கு, பேசக் கூடாதா? மைக்கும் ஹெட்போனும் வைத்துப் பார்த்தார்கள். ஒத்துவரவில்லை. கருவியில் பெரிய கோளாறு இல்லை. மாஸ் முழு மூச்சில் ஓட்டும்போது காதில் விழுவதை அவர் மூளை உள்வாங்கவில்லை. கண்ணின் ஓரத்தில் தெரியும் கை அசைவை மட்டும் அது ஏற்றுக்கொண்டது. அதனால் பதினைந்து சாடைகள் வரை வகுத்தார்கள். சாடையைப் பார்த்த மாஸ் தலையைத் திருப்பிச் சரிபார்க்க மாட்டார். 'அடுத்த மேடு நேர், மிதி' என்று கை சொன்னால் மிதிப்பார். சாடை தவறாயிருந்தால் இருவரும் செத்திருப்பார்கள். இதை இருவரும் அறிந்தே ஒப்புக்கொண்டார்கள். பதினைந்து சாடைகளையும்விட அரிய விஷயம் இந்த நம்பிக்கை. பல சுற்றுப் பயிற்சியில் மெல்ல மெல்லச் சேர்ந்தது அது.

காருக்கு வருவோம். 300 எஸ்.எல்.ஆர்., வரிசையாக எட்டு சிலிண்டர், 2982 சி.சி., சுமார் 300 குதிரைத்திறன், ஐந்து கியர். மாஸ் இடப்பக்கம், ஜென்கின்சன் வலப்பக்கம், சீட் பெல்ட் கிடையாது. முன்னால் சின்னக் காற்றுத்தடுப்பு மட்டும். எண் 722. மில்லே மிலியாவில் காரின் எண்ணே புறப்படும் நேரம்: மே 1, காலை 7.22. முந்தைய இரவிலிருந்து ஐந்நூறுக்கும் மேற்பட்ட கார்கள் நிமிட இடைவெளியில் கிளம்பிப் போயிருந்தன. சிறிய கார்கள் முதலில், பெரியவை கடைசியில். இந்த முறையில் சாலையில் யார் யாருக்கு முன்னால் போகிறார் என்பதற்கு நேரடி அர்த்தமில்லை. மாஸுக்கு ஒரு நிமிடம் பின்னால் கிளம்பிய யூஜெனியோ காஸ்தெலோத்தி 4.4 லிட்டர் ஃபெராரியில் பாதுவாவிலேயே பிடித்துவிட்டார். அங்கே மாஸ் ஒரு திருப்பத்தைத் தவறாகக் கணித்து வைக்கோல் கட்டில் இடித்த நேரத்தில் காஸ்தெலோத்தி முந்தினார். மாஸ் துரத்தவில்லை. ஃபெராரி ஒவ்வொரு வளைவிலும் டயரை எரித்துக்கொண்டு போவது இருவருக்கும் தெரிந்தது. ரவென்னாவில் டயர் மாற்ற அது நின்றபோது இவர்கள் தாண்டிப் போனார்கள்.

வழியில் கட்டுப்பாட்டு நிலையங்களில் சீட்டில் முத்திரை வாங்க வேண்டும். சீட்டை ஒரு பலகையில் பொருத்தி, பலகையைக் கயிற்றால் காரோடு கட்டியிருந்தார்கள். நீட்டினால் அதிகாரி முத்திரை குத்துவார், கைதவறினாலும் சீட்டு தொலையாது. இந்த மாதிரிச் சின்ன ஏற்பாடுகளில்தான் ஜென்கின்சனின் பொறியியல் புத்தி தெரிகிறது.

தவறுகளும் நடந்தன, அவற்றை அவரே மறைக்காமல் எழுதினார். எஞ்சின் சூடு, வளைவுகளில் பக்கவாட்டு இழுவை, குனிந்து படிப்பது மூன்றும் சேர்ந்து அவருக்குக் குமட்டியது. தலையை வெளியே நீட்டி வாந்தியெடுக்கத் திரும்பியபோது காற்று மூக்குக்கண்ணாடியைப் பறித்துக்கொண்டு போனது. மாற்றுக் கண்ணாடி ஒன்று கையில் வைத்திருந்தார். இல்லையென்றால் அந்தச் சுருள் அந்த இடத்திலேயே வெறும் காகிதமாகியிருக்கும். இன்னொரு இடத்தில் நிரம்பிய டேங்கிலிருந்து பெட்ரோல் அலைந்து கழுத்தில் கொட்டியது; அந்த அதிர்ச்சியில் ஒரு வளைவுக்குச் சாடை காட்டத் தவறினார். மாஸ் தன் திறமையால் சமாளித்தார். ஆயிரம் மைலில் அவர் விட்டது அந்த ஒன்றுதான்.

ஒரு மேட்டில் நடந்தது குறிப்பெழுதும் எவருக்கும் பாடம். பயிற்சியில் மெதுவான காரில் அதைத் தாண்டி, முழு வேகத்தில் போகலாம் என்று குறித்திருந்தார்கள். பந்தய நாளில் 300 எஸ்.எல்.ஆர். அதே மேட்டை மிக அதிக வேகத்தில் தொட்டதும் நான்கு சக்கரமும் தரையை விட்டு எழும்பின. நல்லவேளையாகச் சாலை நேர். மாஸ் ஸ்டியரிங்கை அசைக்காமல் பிடித்திருந்ததால் கார் நேராகவே இறங்கியது. குறிப்பு பொய்யில்லை. ஆனால் குறிப்பை எழுதிய வேகம் வேறு, பயன்படுத்திய வேகம் வேறு. வேகம் இரட்டித்தால் மேட்டில் காரைத் தூக்கும் விளைவு நான்கு மடங்காகும். இன்றைய ராலி கார்ப் பந்தயங்களில் குறிப்பு படிக்கும் நேவிகேட்டர்களும் இதே தவறில் அடிக்கடி மாட்டுகிறார்கள்.

ரோமில் முதலாவதாக வருபவர் ப்ரெஷியாவில் முதலாவதாக வர மாட்டார் என்பது மில்லே மிலியாவின் பழைய நம்பிக்கை. ரோமில் மாஸ்தான் முன்னிலை. ரோமுக்கு வடக்கே ரதிகோஃபானி மலைச்சாலையில் முன் பிரேக் ஒன்று திடீரென்று இறுகி, கார் சுழன்று பின்பக்கமாக ஒரு ஆழமில்லாத பள்ளத்தில் இறங்கியது. ரிவர்ஸ் எடுத்துக் கிளம்பினார்கள். தாருஃபி, காஸ்தெலோத்தி இருவரின் ஃபெராரிகளும் பழுதாகி விலகின. ஃபிளாரன்ஸிலிருந்து பொலோன்யாவுக்கு ஃபூட்டா, ராத்திகோசா கணவாய்கள் வழியாக ஒரு மணி நேரத்துக்குள் போய்விட வேண்டும் என்பது மாஸின் ஆசை; ஒரு மணி ஒரு நிமிடம் ஆயிற்று. கடைசிப் பகுதி போ சமவெளி, ஏறக்குறைய நேர்ச்சாலை. கிரெமோனாவிலிருந்து ப்ரெஷியாவரை சராசரி மணிக்கு 198 கிலோமீட்டர்.

முடிவு நேரம் 10 மணி 7 நிமிடம் 48 விநாடி. சராசரி மணிக்கு 157.65 கிலோமீட்டர். இன்னொரு 300 எஸ்.எல்.ஆர். காரைத் தனியாக ஓட்டிய அர்ஜென்டினாக்காரர் ஃபாஞ்சியோ இரண்டாவது, ஏறக்குறைய 32 நிமிடம் பின்னால். இதைவிடச் சொல்லத்தக்க ஒப்பீடு ஒன்று உண்டு. 1953ல் ஜான்னீனோ மார்ட்சொத்தோ ஃபெராரியில் வைத்த சாதனை 10 மணி 37 நிமிடம் 19 விநாடி. அப்போது பாதை 1512 கிலோமீட்டர்தான். 85 கிலோமீட்டர் கூடுதலாக ஓடியும் மாஸ் அரை மணி நேரம் குறைவாக எடுத்துக்கொண்டார். காரும் சிறந்தது, ஓட்டுநரும் சிறந்தவர், அன்று வானமும் வறண்டிருந்தது. ஆனால் மெர்சிடிஸின் மற்ற 300 எஸ்.எல்.ஆர். கார்களும் அதே சாலையில், அதே வானத்தின் கீழ் ஓடியவைதான். ஃபாஞ்சியோவின் காருக்கு வழியில் எஞ்சின் கோளாறு வந்தது என்பதையும் கழித்துவிட்டுத்தான் பார்க்க வேண்டும். எஞ்சிய வித்தியாசத்தில் பெரும்பங்கு அந்தச் சுருளுக்கு என்றே நினைக்கிறேன்.

வெற்றியை மட்டும் சொல்லி நிறுத்தினால் படம் பாதிதான். அடுத்த ஆண்டும் இருவரும் சேர்ந்து போனார்கள், மாசெராட்டி 350எஸ் காரில். மழை, வண்டி புதிது, சரியாகச் சோதிக்கப்படாதது. மலைச்சாலையில் தடுப்பை உடைத்துக்கொண்டு கீழே போய் ஒரு மரத்தில் நின்றது. மரம் இல்லையென்றால் பள்ளத்தாக்கு. 1957ல் மாசெராட்டி 450எஸ்; சுருள் இருந்தது, சாடை இருந்தது, புறப்பட்டுச் சில கிலோமீட்டரிலேயே பிரேக் பெடல் முறிந்து கையோடு வந்த மாதிரி ஆயிற்று. எவ்வளவு நல்ல குறிப்பும் உலோகத்தின் குறையைச் சொல்லாது. அதே 1957 பந்தயத்தில் குயிதிட்சோலோ அருகே ஃபெராரி ஒன்று டயர் வெடித்துக் கூட்டத்தில் பாய்ந்தது. ஓட்டுநர் டி போர்ட்டாகோ, அவரோடு இருந்த நெல்சன், பார்வையாளர்கள் ஒன்பது பேர் இறந்தார்கள். அவர்களில் ஐந்து பேர் குழந்தைகள். வேகப் பந்தயமாக மில்லே மிலியாவின் கதை அத்தோடு முடிந்தது.

இனி எழுத்து. 1955 ஜூன் மாத 'மோட்டார் ஸ்போர்ட்' இதழில் அவர் எழுதிய பந்தய விவரணைதான் எல்லாரும் படிக்கச் சொல்வது. அதன் அருமை சாகசத்தில் இல்லை. எந்த வேலையை யார் எப்படிச் செய்தார், எதனால் அது பலித்தது, எங்கே பலிக்கவில்லை என்று ஒரு பொறியாளர் சோதனை அறிக்கை எழுதுவது போல எழுதியிருக்கிறார். உயிர் போகும் இடத்தையும் அதே அமைதியில் சொல்கிறார். படிப்பவருக்குத்தான் வியர்க்கிறது.

அந்த எழுத்துக்குப் பின்னால் இருந்த வேலைமுறையைப் பார்க்க வேண்டும். அன்றைய வானொலி வர்ணனையாளர் பந்தயத் தடத்தில் ஒரே இடத்தில் அமர்த்தப்பட்டிருப்பார். அவர் கண்ணுக்கு எட்டும் வளைவு மட்டுமே அவருடைய உலகம். 1949ல் இங்கிலாந்தின் சில்வர்ஸ்டோன் தடத்தில் பி.பி.சி.க்காக முதன்முறையாக ஒலிவாங்கி பிடித்த மர்ரே வாக்கருக்கு, தன் முன்னால் ஓட்டுநர் ஜான் போல்ஸ்டரின் கார் உருண்டு புரண்டதை நேரலையில் சொல்ல நேர்ந்தது. போல்ஸ்டர் பிழைத்தார், பிறகு 'ஆட்டோஸ்போர்ட்' இதழின் தொழில்நுட்ப ஆசிரியராகவும் பி.பி.சி. வர்ணனையாளராகவும் அவரே ஆனார். நாளிதழ்க்காரர்களுக்கோ பந்தயம் முடிந்த அரை மணியில் தொலைபேசிக்கு ஓட வேண்டும்.

ஜென்கின்சனுக்கு இந்த இரண்டு கட்டும் இல்லை. மாத இதழ், தபாலில் அனுப்பினால் போதும். அந்த அவகாசத்தை அவர் பார்ப்பதில் செலவிட்டார். போர்ஷே 356 காரில், பின்னாளில் ஜாகுவார் இ-டைப்பில், ஒரு பந்தயத்திலிருந்து அடுத்ததற்குச் சாலை வழியாகவே போவார். பயிற்சி நாள்களில் பத்திரிகையாளர் அறையில் உட்காராமல் தடத்தைச் சுற்றி நடந்து, ஒரு குறிப்பிட்ட வளைவில் நின்று ஒவ்வொரு ஓட்டுநரும் எங்கே பிரேக் பிடிக்கிறார், எங்கே மிதிக்கிறார் என்று கவனிப்பார். கார்களைச் சரிபார்க்கும் பிட்டில் எந்த காரின் எந்தப் பாகம் போன வாரத்திலிருந்து மாறியிருக்கிறது, சேசிஸ் எனப்படும் அடிச்சட்டத்தின் எண் என்ன என்று நோட்டில் எழுதுவார். ஓட்டுநர் முழுத் திறமையில் எத்தனை பங்கைப் போடுகிறார் என்பதைப் பத்தில் ஏழு, பத்தில் ஒன்பது என்று அளந்து பேசும் வழக்கத்தைப் பரப்பியதும் அவர்தான். 1958ல் வந்த அவருடைய நூலில் அது விரிவாக இருக்கிறது. பத்துக்குப் பத்து என்பது விளிம்பு. அங்கே எப்போதாவது ஒருமுறைதான் போக முடியும், சிலரால் ஒருபோதும் முடியாது. அவர் கணக்கில் அங்கே போகத் தெரிந்தவர்கள் ஐந்து பேர்: அஸ்காரி, மாஸ், ஜிம் கிளார்க், ஜில் வில்னேவ், அயர்ட்டன் சென்னா. ஐந்து முறை உலகச் சாம்பியனான ஃபாஞ்சியோ அந்தப் பட்டியலில் இல்லை. இதில் ஜென்கின்சனோடு ஒத்துப்போகாதவர்கள் நிறைய உண்டு, நானும் அந்தப் பக்கம்தான்.

தீர்ப்புகளில் அவர் பிடிவாதக்காரர். ஓட்டுநர் யோக்கன் ரிண்ட் உலகச் சாம்பியன் போட்டியின் கிராண் பிரீ பந்தயம் ஒன்றைக்கூட வெல்லவே மாட்டார், வென்றால் தாடியை எடுத்துவிடுகிறேன் என்றார். 1969 அக்டோபரில் அமெரிக்காவின் வாட்கின்ஸ் கிளென்னில் ரிண்ட் வென்றார். ஜென்கின்சன் சொன்ன சொல்லைக் காப்பாற்றி மழித்துக்கொண்டார். மறு ஆண்டு இத்தாலியின் மான்ட்சா தடத்தில் இறந்த பிறகும் ரிண்டே உலகச் சாம்பியனானார்.

இதைவிடக் கனமான பிழை பாதுகாப்பு விஷயத்தில். 1966ல் பெல்ஜியத்தின் ஸ்பா-ஃபிராங்கோஷாம் பந்தயத்தின் முதல் சுற்றில் கொட்டிய மழையில் ஓட்டுநர் ஜாக்கி ஸ்டூவர்ட்டின் பி.ஆர்.எம். கார் தடம் புரண்டது. உடைந்த டேங்கின் பெட்ரோலில் நனைந்தபடி காருக்குள் சிக்கியிருந்தவரைத் தூக்கியெடுத்தது மீட்புப் படையல்ல; சக ஓட்டுநர்கள் கிரஹாம் ஹில்லும் பாப் பாண்டுரன்ட்டும், ஒரு பார்வையாளரிடம் இரவல் வாங்கிய ஸ்பானரால் ஸ்டியரிங்கைக் கழற்றி. அதன் பிறகு ஸ்டூவர்ட் தடுப்பு வேலி, மருத்துவர், சீட் பெல்ட் என்று போராடினார். ஜென்கின்சன் 1970களின் தொடக்கத்தில் அதைக் கடுமையாகத் தாக்கி எழுதினார். ஆபத்தை ஏற்பதே பந்தயத்தின் உயிர் என்பது அவர் வாதம். ஸ்டூவர்ட்டும் சளைக்காமல் பதில் சொன்னார். இதில் ஸ்டூவர்ட் சொன்னதுதான் சரி, அடுத்த தலைமுறை ஓட்டுநர்கள் உயிரோடு வீடு திரும்பியதே சாட்சி. ஜென்கின்சனை நேசிக்கிறவர்கள் இதை மழுப்புவதுண்டு, மழுப்பத் தேவையில்லை. தன் உயிரைத் தானே பணயம் வைத்தவர் என்பதால், பிறர் உயிரையும் அதே தராசில் நிறுத்தினார். அது தவறு.

ஹாம்ப்ஷயரில் கிராண்டல் என்ற ஊரருகே மின் இணைப்பில்லாத வீட்டில், எஞ்சின்களும் பழைய இதழ்களும் சூழத் தனியாக வாழ்ந்தார். திருமணம் செய்துகொள்ளவில்லை. 1996 நவம்பர் 29ல் இறந்தார். 722 கார் இன்றும் மெர்சிடிஸ் நிறுவனத்தின் வசம் இருக்கிறது.

அந்த 1955 கட்டுரையைப் படிக்கப் போகிறீர்கள் என்றால் இத்தாலிய வரைபடம் ஒன்றைப் பக்கத்தில் விரித்துக்கொள்ளுங்கள். ரவென்னாவிலிருந்து பெஸ்காராவரை கடலோரச் சாலை, ரோமுக்கு வடக்கே பழைய காசியா சாலை, ஃபிளாரன்ஸிலிருந்து பொலோன்யாவுக்கு ஏறும் 65ஆம் எண் சாலை. மூன்றும் இன்றும் இருக்கின்றன. முதல் வாசிப்பில் கதையைப் படியுங்கள். இரண்டாம் வாசிப்பில் கையில் பென்சிலோடு, எங்கெல்லாம் சுருள் உதவியது, எங்கெல்லாம் மாஸின் கை உதவியது என்று பிரித்துக் குறியுங்கள். அவர் இரண்டையும் கலக்காமலே எழுதியிருக்கிறார் என்பது அப்போது தெரியும்.